மேயருக்குக் கிடைக்காத குதிரை

டாக்டர் லைசாண்டர் ஹப்பெலை மறுபடியும் மேயராக்கப் போகிறார்கள் என்று கேள்விப்பட்டதும் அசா பிரிம்மர் காறித் துப்பினான். துப்புவதற்கு அவனுக்கு வசதிதான். கீழ்வரிசையில் பல்லே கிடையாது. அந்தப் பற்களை உதிர்த்தவனும் அதே ஹப்பெல்தான்.

ஊரில் வாந்திபேதி பரவிய வருஷம் ஹப்பெல் கால்டர் துறைக்கு வந்து இறங்கினான். கிழக்கே எங்கோ ஒரு வைத்தியரிடம் இரண்டு குளிர்காலம் அவர் குதிரையைத் தேய்த்துவிட்டுக் கொண்டிருந்தானாம். அடுத்த குளிர்காலம் ஒரு கல்லூரியில் போய் உட்கார்ந்திருந்து, பெயர் எழுதின தாள் ஒன்றை வாங்கிக்கொண்டு, கறுப்புக் கோட்டும் தோல்பையுமாக ஆற்றைக் கடந்துவிட்டான். அன்றைக்கு ஒருவனை டாக்டர் என்று கூப்பிட அவ்வளவு போதும். இன்றைக்கும் கறுப்புக் கோட்டுக்கு மயங்குகிற ஊர்தான் அது.

அவன் வைத்தியம் ரொம்பச் சுலபம். காய்ச்சல் என்றால் கையைக் கீறி ரத்தத்தை வடிப்பான். காய்ச்சல் விடவில்லை என்றால் இன்னும் வடிப்பான். மற்ற எல்லாவற்றுக்கும் கேலமெல் என்ற வெள்ளைப் பொடி. ஈறு வீங்கி, நாய்க்கு ஒழுகுவதுபோல எச்சில் ஒழுகினால்தான் மருந்து பிடித்திருக்கிறது என்று அர்த்தமாம். அசாவுக்கு நன்றாகவே பிடித்தது. சோளக்கூழைக் குடிக்கும்போது பல் ஒவ்வொன்றாகக் கிண்ணத்தில் விழுந்தது. ஆள் மட்டும் பிழைத்தான். அதே பொடியைத் தின்ற அவன் தம்பி யோவேல் பிழைக்கவில்லை.

பிழைத்தவர்கள் ஹப்பெலைத் தெருவில் கண்டால் தொப்பியைக் கழற்றினார்கள். செத்தவர்கள் கழற்றவில்லை என்பதை யாரும் கவனிக்கவில்லை. கல்லறை மேட்டில் படுத்திருப்பவனுக்கு ஓட்டு கிடையாது. எதிர்த்துப் பேச வேண்டியவன் எல்லாம் மண்ணுக்குள் கிடக்க, கும்பிட வேண்டியவன் மட்டும் வெளியே நடமாடுகிறான். இப்படிப்பட்டவன் அரசியலுக்கு வராமல் வேறு யார் வருவான்?

உள்நாட்டுப் போர் வந்தபோது, படைக்குக் கட்டாயமாகப் பிடித்து வருகிறவர்களைப் பரிசோதிக்கிற வேலையை ஹப்பெல் பிடித்துக்கொண்டான். பன்றிக்கறி வியாபாரிகளின் பிள்ளைகளுக்கெல்லாம் அவன் கண்ணுக்கு மட்டும் தெரிகிற கால் ஊனம் இருந்தது. கூலிக்காரன் பிள்ளை ஒருவனுக்காவது அந்த ஊனம் இருந்ததில்லை. போர் முடிந்ததும் அந்த வியாபாரிகளே சேர்ந்து அவனை மேயராக்கினார்கள். ஊருக்காக வைத்தியத்தையே தியாகம் செய்தவர் என்று பத்திரிகை எழுதியது. அந்த ஒன்று வாஸ்தவம்தான். வைத்தியத்தை விட்டதைத் தவிர அவன் ஊருக்கு வேறு எந்த நன்மையும் செய்ததில்லை.

மேயரானதும் தன் வீட்டு வாசலுக்குப் பலகை நடைபாதை போட்டான். விளக்குக் கம்பம் நட்டான். குதிரைகள் தண்ணீர் குடிக்கக் கல்தொட்டி ஒன்று கட்டி, அதில் தன் பெயரைச் செதுக்கினான். பிறகு பார வண்டிக்காரர்கள் மேல் கண் வைத்தான். நகரசபை அனுமதி கொடுக்கும் தகரத் தகடு அடிக்காத வண்டி ஊருக்குள் ஓடக் கூடாது, சுமை ஏற்றக் கூடாது என்று சட்டம் போட்டான். பாரம் ஏற்றிப் பிழைக்கிற அசாவின் வண்டியிலும் ஒரு தகடு இருந்தது. பற்கள் போனபோதுகூட அவன் அவ்வளவு எரிச்சல்பட்டதில்லை.

தேர்தல் நெருங்கிய அந்த அக்டோபரில் குதிரைக் காய்ச்சல் வந்தது. முதலில் கிழக்கிலிருந்து தந்திகள் வந்தன. அங்கே பெரிய நகரங்களில் குதிரை இழுக்கிற டிராம் வண்டிகள் நின்றுவிட்டனவாம். பிறகு காய்ச்சலே வந்தது. ஒரு வாரத்துக்குள் கால்டர் துறையில் இருமாத குதிரை இல்லை. மூக்கு ஒழுக, தலையைத் தொங்கப் போட்டு, கொட்டகை கொட்டகையாக நின்றன. தெருவில் ஒரு குளம்புச் சத்தம் கேட்கவில்லை. மாவு மூட்டையை மனிதர்கள் தள்ளுவண்டியில் தள்ளிக்கொண்டு போனார்கள். பண்ணைகளிலிருந்து யாரோ காளைகளை ஓட்டிவந்தார்கள். அவை கடைவீதியில் நடுத்தெருவில் படுத்துக்கொண்டன.

தான் ஒரு டாக்டர் என்பது அப்போதுதான் ஹப்பெலுக்கு மறுபடி ஞாபகம் வந்தது. ஊரைப் பிடித்த கெட்ட நேரம்.

‘இது வெறும் சளி. ஆற்றுக் காற்றால் வருவது. ரத்தம் வடித்துப் பொடி கொடுத்தால் போதும்’ என்று அறிக்கை விட்டான். தீயணைப்பு எஞ்சினை இழுக்கிற நகரசபைக் குதிரைகளைத் தானே கவனித்துக்கொள்வதாகக் கோட்டைக் கழற்றினான். காய்ச்சல் அந்தக் குதிரைகளைக் கொல்லவில்லை. அதற்கு அவகாசமே கிடைக்கவில்லை. அவற்றின் உடல்களை ஆற்றங்கரைக்கு இழுத்துக்கொண்டு போன மறுநாள், முந்தைய மேயர் வாங்கின மட்டரகக் குதிரைகள் என்று ஹப்பெல் சொன்னான். அந்த மேயர் பதவியை விட்டுப் போய் அத்தனை வருஷம், குதிரைகளுக்கே வயதாகிவிட்டிருந்தது.

அசாவிடம் இருந்தது ஒரே ஒரு பெட்டைக் குதிரை. யாரையும் நம்பாதவன், பைபிளில் நம்பினவனைக் காட்டிக்கொடுத்தவளின் பெயரை, தெலீலாள் என்று அதற்கு வைத்திருந்தான். அதுவும் இருமியது. என்ன செய்வதென்று அவனுக்குத் தெரியவில்லை; தெரியாததால் ஒன்றும் செய்யவில்லை. கம்பளியைப் போர்த்தி, வெதுவெதுப்பாகத் தவிட்டுக் கஞ்சி வைத்து, ஒருவனையும் கொட்டகைக்குள் விடாமல் வாசலில் உட்கார்ந்துகொண்டான். ஹப்பெல் சொல்வதற்கு நேர் எதிராக நடந்தால் தப்பு வராது என்பது ஒன்றுதான் அவனுக்குத் தெரிந்த வைத்தியம். சில நாளில் தெலீலாள் தலையை நிமிர்த்தியது. இருமல் மட்டும் விடவில்லை.

தலை நிமிர்ந்த சேதி எப்படியோ வெளியே போய்விட்டது. தேர்தலுக்கு முந்தின வாரம் மேயரே கொட்டகைக்கு வந்து நின்றான். நடந்து வந்ததால் பூட்ஸெல்லாம் சேறு. கூடவே, அவன் குடையைப் பிடித்துக்கொண்டு நகரசபைக் குமாஸ்தா ஆர்லோ ஃபிட்ச். மேயர் தும்மினால் மூக்கைத் துடைத்துக்கொள்கிற ஜாதி.

“என்னப்பா அசா, பல்லு போனாலும் ஆளு திடமாத்தான் இருக்க” என்றான் ஹப்பெல், பெரிதாகச் சிரித்துக்கொண்டு.

“நீங்க வைத்தியத்தை விட்டப்புறம் திடமாயிட்டேன், டாக்டரே.”

“மேயர்னு சொல்லுய்யா” என்றான் ஃபிட்ச்.

“எனக்கு டாக்டராத்தான் பழக்கம். மறக்கற மாதிரியா பண்ணிருக்காரு?”

ஹப்பெல் அதைக் காதில் வாங்காதவனாகக் குதிரையைச் சுற்றி வந்தான். கழுத்தைத் தட்டினான். வாயைத் திறந்து பார்க்கப் போனவன் கையை அசா பிடித்துக்கொண்டான்.

“வாயை விட்டுடுங்க.”

“வெறும் சளிப்பா. கொஞ்சம் பொடி குடுத்தா சனிக்கிழமைக்குள்ள ஓட ஆரம்பிச்சிடும்.”

“எஞ்சின் குதிரைங்களும் ஓடிருச்சே. ஆத்தங்கரைக்கு.”

ஃபிட்ச் தொண்டையைக் கனைத்தான். “வெட்டிப் பேச்சு எதுக்கு? சனிக்கிழமை மேயரோட ஊர்வலம். கல்லறை மேட்டுலேர்ந்து துறை வரைக்கும் சாரட்டு வரணும். ஊர்ல நிமிந்து நிக்கறது உன் குதிரை ஒண்ணுதான். ஒருநாள் குடு.”

“அது நிக்குது. நடக்குதுன்னு யாரு சொன்னா?”

“நின்னா நடக்கும். நடந்தா இழுக்கும்.”

“வடக்குத் தெரு பீட்டர்ஸ் அவன் குதிரையை இப்படித்தான் எந்திரிச்ச மறுநாளே பூட்டினான். பாலத்துக்கிட்ட அது மூக்குலேர்ந்து ரத்தமாக் கொட்டிச்சு. நான் பாத்தேன். மாட்டேன்.”

ஹப்பெல் முகத்திலிருந்து சிரிப்பு போனது. “நான் கெஞ்சிக் கேக்க வரல அசா. உன் வண்டியில ஒரு தகடு இருக்கு, பாத்தியா? அது நகரசபையோடது. குடுத்த கை திருப்பி எடுத்துக்கவும் செய்யும்.”

தெலீலாள் ஒருமுறை இருமியது. தகடு போனால் ஊருக்குள் ஒரு மூட்டை ஏற்ற முடியாது. குளிர்காலம் வாசலில் நிற்கிறது. குதிரை போனால் அப்புறம் தகடு எதற்கு என்பது ஒரு பக்கம். தகடு போனால் குதிரைக்குத் தீனி எங்கே என்பது மறுபக்கம். வீட்டு வாசலில் அவன் பெண்டாட்டி எப்சிபா ஏப்ரனைக் கையில் சுருட்டிக்கொண்டு நின்றிருந்தாள். அவள் முகத்தைப் பார்த்தால் மனம் மாறிவிடுமோ என்று அசா அந்தப் பக்கமே திரும்பவில்லை.

சுத்தியலை எடுத்தான். வண்டியின் பக்கப் பலகையில் ஆணிகள் கிறீச்சிட்டுக்கொண்டு பிடுங்கி வந்தன. தகட்டை ஹப்பெலிடம் நீட்டினான். அவன் கையால் தொடவில்லை. ஃபிட்ச்தான் வாங்கிப் பையில் போட்டுக்கொண்டான்.

“இந்தப் பிடிவாதத்துக்கு வைத்தியமே கெடையாது” என்றான் ஹப்பெல்.

“அப்ப இதுனால நான் சாக மாட்டேன்.”

அவர்கள் போனதும் எப்சிபா வந்தாள். கோபம் வந்தால் அவள் புருஷனைப் பெயர் சொல்லிக் கூப்பிட மாட்டாள்.

“குளிர்காலம் பூரா என்னத்தைத் திங்கப் போறோம் மிஸ்டர் பிரிம்மர்? அந்த ஆணி ஓட்டையையா?”

“குதிரை பொழைக்கட்டும்.”

“பொழைக்கலன்னா?”

இரண்டும் போய்விடலாம் என்று அவனுக்கும் தெரியும். கம்பளியைச் சரிசெய்வதுபோலத் திரும்பிக்கொண்டான்.

குதிரை கிடைக்காததற்கு ஹப்பெல் அசரவில்லை. ஃபிட்ச் ஒரு யோசனை சொன்னான். அந்த நாட்டில் ஒரு வழக்கம் உண்டு. பெரிய மனிதன் ஒருவன் மேல் ஜனங்களுக்கு அன்பு பொங்கிவிட்டால், அவன் சாரட்டிலிருந்து குதிரைகளை அவிழ்த்துவிட்டு, தாங்களே ஏர்க்காலைப் பிடித்து இழுத்துக்கொண்டு போவார்கள். அப்படி இழுக்கப்பட்டவன் பேரன் காலம் வரைக்கும் அதைச் சொல்லிக்கொண்டிருப்பான். ஹப்பெலுக்கு அந்த ஆசை வெகுநாளாக உண்டு. இதுவரை அன்பு பொங்கவில்லை. இப்போது குதிரையும் இல்லை. பொங்கவைத்துவிட வேண்டியதுதானே?

அன்பு பொங்கவேண்டியவர்களிடம் ஃபிட்ச் வீடு வீடாகப் போய்ச் சொல்லி வைத்தான். தெரு கூட்டுகிறவர்கள், விளக்கேற்றுகிறவர்கள், நகரசபையில் சம்பளம் வாங்குகிற எல்லாரும். குறைந்த ஆட்களை மதுக்கடையில் பிடித்தார்கள். ‘குதிரைகளை அவிழ்த்தெறிந்தனர் மக்கள்’ என்று பத்திரிகைக்காரன் வெள்ளிக்கிழமையே எழுதி முடித்துவிட்டான். அவிழ்க்கக் குதிரை எங்கே இருந்தது என்று கேட்கிற அளவுக்குப் புத்தி உள்ளவன் அந்தப் பத்திரிகையை வாங்குவதில்லை.

சனிக்கிழமை சாரட்டின் முன்பலகையில் மேயரின் கோச்மேன் கோனலி ஏறப் போனான். ஹப்பெல் தடுத்தான்.

“நீ எதுக்குய்யா மேல? மறைக்காத. எறங்கிப் போயி நீயும் இழு.”

சக்கரத்தை நிறுத்தும் முட்டுக்கட்டையை அழுத்துகிற பிடி அந்தப் பலகைக்குப் பக்கத்தில்தான் இருந்தது. கோனலிக்கு அது ஞாபகம் வந்ததோ என்னவோ. வந்திருந்தாலும் அவன் வாயைத் திறந்திருக்க மாட்டான். தொப்பியைச் சரிசெய்துகொண்டு இறங்கி, ஓரமாக ஒரு இடம் பார்த்து ஏர்க்காலைப் பிடித்தான்.

அசா தவிடு வாங்கத் துறைமுனைக் கடைக்கு வந்திருந்தான். ஊர்வலம் பார்க்க வரவில்லை என்று கடைக்காரனிடம் இரண்டு தடவை சொன்னான். மேட்டிலிருந்து பேண்டு சத்தம் கேட்டது. தெருவின் இருபக்கக் கொட்டகைகளிலிருந்தும் குதிரைகள் இருமிப் பதில் சொல்லிக்கொண்டிருந்தன.

சமதரையில் எல்லாம் அழகாகத்தான் நடந்தது. ஹப்பெல் சாரட்டில் எழுந்து நின்று தொப்பியை ஆட்டினான். இழுக்கிறவர்கள் மூச்சிரைக்க வாழ்க என்றார்கள். கடைவீதி துறையை நோக்கிச் சரிகிற இடம் வந்தது. குதிரையாக இருந்தால் அங்கே பின்னங்காலை ஊன்றிப் பாரத்தைத் தாங்கிக்கொள்ளும். நகரசபைச் சம்பளக்காரனுக்கு எதற்கு அந்தத் தலையெழுத்து? பின்னாலிருந்து வண்டி இடுப்பில் முட்டியதும் முதலில் விட்டவன் கோனலி. பிறகு ஆளுக்கொரு பக்கம் தாவினார்கள். அன்பு அத்தோடு வடிந்துவிட்டது.

“பிடிங்கடா! டேய், பிடிங்கடா! ஃபிட்ச்!”

ஃபிட்ச் ஏற்கெனவே நடைபாதையில் இருந்தான்.

சாரட்டு தன்பாட்டுக்கு இறங்கியது. மேயர் கையில் தொப்பியோடு நின்றபடியே வந்தான், உட்காரக்கூடத் தோன்றவில்லை. பெண்கள் சிலர், அதுவும் ஊர்வலத்தில் ஒரு வேடிக்கை என்று நினைத்துக் கைக்குட்டையை ஆட்டினார்கள். அசாவைத் தாண்டி, துறையில் அடுக்கி வைத்திருந்த உப்புப் பன்றிக்கறிப் பீப்பாய்களில் போய் மோதி நின்றது வண்டி. ஹப்பெல் நிற்கவில்லை. பீப்பாய்களுக்கு அந்தப் பக்கம் போய் விழுந்தான். ஒரு கால் இருக்கவேண்டிய திசையில் இல்லை.

ஃபிட்ச் ஓடி வந்தவன் சுற்றிப் பார்த்தான், அசாவைக் கண்டுவிட்டான்.

“நல்லவேளை, நீ இருக்க. ஓடு, உன் குதிரையைப் பூட்டி வண்டியைக் கொண்டா. மேயரை வீட்டுக்குக் கொண்டு போகணும்.”

“வீடு மேட்டுல இல்ல இருக்கு?”

“மனுஷன் துடிக்கிறாருய்யா!”

அசா எட்டிப் பார்த்தான். உடைந்த பீப்பாயின் உப்புத்தண்ணீரில் ஊறிக்கொண்டு ஹப்பெல் முனகிக்கொண்டிருந்தான். பாவமாகத்தான் இருந்தது, மறைக்க ஒன்றுமில்லை. ஆனால் அந்த மேட்டில் அந்த உடம்பை இழுத்தால் தெலீலாள் உச்சி போய்ச் சேராது. ஒரு கால் ஒட்டிக்கொள்ளும். குதிரையின் நெஞ்சு ஒட்டாது.

“வண்டி கொட்டகையில நிக்குது, எடுத்துக்குங்க. குதிரை கெடையாது. நீங்களே இழுங்க. இன்னிக்குத்தான் பழகிட்டீங்களே.”

“வண்டியில தகடு இல்லியே” என்று கூட்டத்தில் ஒருவன் சொன்னான்.

“ஆமாம்ல” என்றான் அசா. “மேயரைக் கேட்டுக்குங்க. சட்டம் அவரோடது.”

“இழுங்கடா, எழவெடுத்தவங்களா!” என்று பீப்பாய்களுக்கு நடுவிலிருந்து குரல் வந்தது.

தோல் சுமந்து சுமந்து பச்சைத்தோல் நாற்றம் போகாத அந்தப் பார வண்டியில் மேயரைக் கிடத்தி, தகடு இல்லாமலே, மேடு வரைக்கும் இழுத்துக்கொண்டு போனார்கள். இந்தத் தடவை யாரும் வாழ்க என்று சொல்லவில்லை. மூச்சு வேண்டியிருந்தது.

இதற்கப்புறம் அவனுக்கு எவன் ஓட்டுப் போடுவான் என்று எப்சிபா கேட்டாள். எல்லாரும்தான் போட்டார்கள். ‘மக்களின் அன்பு வெள்ளத்தில் காயமுற்ற தலைவர்’ என்று பத்திரிகையில் வந்தது. கட்டுப்போட்ட காலோடு அவன் ஜன்னலில் உட்கார்ந்திருந்தான். அதைப் பார்த்துவிட்டு வந்த பெண்கள் புருஷன்மாரை வாக்குச் சாவடிக்கு விரட்டினார்கள். அந்த ஊரில் ஒவ்வொரு கட்சிக்கும் ஒரு நிறத்தில் சீட்டு. எவன் எந்த நிறத்தைப் பெட்டியில் போடுகிறான் என்று எல்லாருக்கும் தெரியும். அசா எதிர்க்கட்சிச் சீட்டைத் தலைக்கு மேல் தூக்கிக் காட்டிவிட்டுப் போட்டான். ஒன்றும் ஆகிவிடவில்லை. போன தடவையைவிட அதிக ஓட்டில் ஹப்பெல் ஜெயித்தான்.

சில நாள் கழித்து ஃபிட்ச் மறுபடி வந்தான். தகட்டைக் கையில் பிடித்திருந்தான். துடைத்துப் பளபளப்பாக்கியிருந்தார்கள்.

“மேயரு பெரிய மனசு பண்ணிருக்காரு. பழசை எல்லாம் மறந்துட்டாரு. பதவியேற்பு அன்னிக்கி அவரைச் சாரட்டுல கூட்டிட்டுப் போகணும். அவசரப்பட்டுப் பூட்டின குதிரைங்க பாதி செத்துப் போச்சு, மீதி படுத்துக் கெடக்கு. உன் குதிரையைக் குடு, தகட்டை அடிச்சுக்கோ.”

“டாக்டர் எதை மறந்தாரு? நான் எதையும் மறக்கலியே.”

“ஒருநாள்யா! அந்த மேடு ஒண்ணுதான்!”

அசா தெலீலாளைப் பார்த்தான். தவிட்டை நக்கி முடித்துத் தொட்டியை முட்டிக்கொண்டிருந்தது. விலா எலும்பு தெரிந்தது. முந்தின நாள்கூடத் தண்ணீர் குடிக்கும்போது இருமியது. தகடு கைக்கெட்டுகிற தூரத்தில் மின்னியது. வீட்டில் மாவு பீப்பாயின் அடிக்கு வந்துவிட்டது. எப்சிபாவிடம் கேட்டுவிடலாம் என்று திரும்பினான். கேட்கவேண்டி இருக்கவில்லை.

“ஃபிட்ச் தம்பி,” என்றாள் அவள் வாசலிலிருந்தே, “அந்தத் தகட்டைக் கொண்டு போயி உங்க மேயரோட கால்ல வச்சுக் கட்டுங்க. எலும்பாவது நேரா நிக்கும்.”

ஃபிட்ச் போனதும் அவள் அழுதாள். அசா அவளைத் தேற்றவில்லை. அவனுக்கு அது வராது. அந்த வாரமே ஓடைக்கு அப்பால், ஊர் எல்லைக்கு வெளியே, கல்குவாரிக்காரனைப் போய்ப் பார்த்தான். அங்கே தகடு கேட்பதில்லை. கூலி குறைவு, கல் கனம், குவாரிக்காரனும் யோக்கியன்போலத் தெரியவில்லை. குதிரை எப்போது தேறுகிறதோ அப்போது வரலாம் என்று மட்டும் சொன்னான். அதுவரை மாவுக்கு எப்சிபா அக்காள் வீட்டில் போய் நின்றாள். என்னென்ன கேட்டுக்கொண்டாளோ, வந்து சொல்லவில்லை.

பனி விழத் தொடங்கிய பிறகு ஒரு காலையில் தெலீலாளை வெறும் வண்டியில் பூட்டினான். ஓடைப் பாலத்தில் போலீஸ்காரன் கையைக் காட்டி நிறுத்தினான்.

“தகடு எங்க பெருசு?”

“உங்க மேயர்கிட்ட.”

“தகடு இல்லாம ஊருக்குள்ள ஓட்டக் கூடாதே.”

“கண்ணு தெரியலியா? வெளியதான போறேன்.”

போலீஸ்காரன் பாலத்தின் மறுமுனையையும் வண்டியையும் மாறி மாறிப் பார்த்தான். அதற்கு என்ன சட்டம் என்று அவனுக்குச் சொல்லித் தரவில்லை. நகர்ந்து வழிவிட்டான்.

பாலத்துக்கு அப்பால் குவாரிப் பாதை ஏற்றம். அசா கீழே இறங்கிக் குதிரையின் தலைப்பக்கம் கூடவே நடந்தான். பாதி ஏற்றத்தில் நிறுத்தி, அதன் மூக்கருகே காதை வைத்துக் கேட்டான். பெரிய பெரிய மூச்சாக வந்தது. இருமல் வரும் வரும் என்று காத்திருந்தான். வரவில்லை. நடக்கச் சொன்னான். நடந்தது.